சின்னப்பையன் ஆஜராகவில்லை

மானமுள்ள எந்தக் கவிஞனும் பொறுத்துக்கொள்ள மாட்டான். நானும் பொறுக்கவில்லை. கேஸ் போட்டுவிட்டேன். யார்மேல்? என் பெண்டாட்டியின் சொந்தத் தம்பிமேல்!

நீங்களே நியாயம் சொல்லுங்கள். வல்லம் வடகாலில் நான் வேலை செய்யும் கம்பெனியில் பாதுகாப்பு வாரம் வந்தது. மூன்று ஷிஃப்ட் லைனில் நின்றபடியே யோசித்து ஒரு வாசகம் எழுதினேன்:

‘மாட்டாமல் விட்டாயே கையுறை,
மாலையில் யாரிடம் சொல்வாய் குறை!’

கீழே என் புனைபெயர், கார்முகில். பெற்றவர்கள் வைத்த பேர் சின்னப்பையன். நாற்பத்தாறு வயதில், இந்தத் தொப்பையோடு, சின்னப்பையன்! அந்தப் பேரில் எழுதினால் எவன் மதிப்பான்?

ஒரகடத்தில் ஃப்ளெக்ஸ் கடை வைத்திருக்கும் என் மச்சினன் சிவசங்கர், அதை அப்படியே பேனர் அடித்து ஊரிலுள்ள கம்பெனிக்கெல்லாம் கொடுத்துவிட்டான். கார்முகில் இருந்த இடத்தில் அவன் செல் நம்பர்! கேட்டால், “எடம் பத்தல மாமா” என்கிறான். என் பேரைப் போட்டே ஆகவேண்டும் என்று கோர்ட்டுக்குப் போனேன். வக்கீல் கிடையாது. நானே வாதாடுவேன்.

எழிலரசி வீட்டையே இரண்டாக்கிவிட்டாள்.

“யோவ், என் கூடப் பொறந்தவன கோர்ட்ல நிக்க வெக்கிறியே, நான் எந்த மூஞ்சிய வெச்சினு எங்க அம்மா வூட்டுக்குப் போறது?”

“காப்பிரைட், எழிலு! காப்பிரைட்!”

“காப்பிய ரைட்டா போடத் தெரியாத ஆளுக்குக் காப்பிரைட்டு!”

விசாரணைக்கு முந்தின நாள், ஆச்சரியம், அப்படியே மாறிவிட்டாள்.

“நீ சொல்றதுதான் ஞாயம். ஆனா அத்தினி பேர் எதிர்ல ஒன்ன சின்னப்பையன்னு கூவுவாங்களே, அசிங்கமா கீதே. அதான் கோர்ட்டு வாசல்ல டைப் அடிக்கிறவரப் பாத்து, மனுவுல கார்முகில்னு மாத்தச் சொல்லிட்டு வந்தேன்.”

“மாத்திட்டாங்களா?”

“மாத்தாம? கவிஞராச்சே! வேற எந்தப் பேரக் கூப்ட்டாலும் எழுந்திரிச்சிடாத. கெத்தா குந்தினு இரு.”

எனக்குக் கண் கலங்கிவிட்டது. இவளையா இத்தனை நாள் தப்பாக நினைத்தோம்!

மறுநாள் கோர்ட்டு வராந்தாவில் கெத்தாக உட்கார்ந்திருந்தேன். டவாலி வந்து கத்தினார்.

“சின்னப்பையன்! சின்னப்பையன்! சின்னப்பையன்!”

கால் தானாக எழுந்தது. அதட்டி உட்காரவைத்தேன். நம் பக்கத்தில் ஊருக்கு நாலு சின்னப்பையன். எவனோ ஒருத்தன். உள்ளே எட்டிப் பார்த்தால், ஜட்ஜ் எதிரில் கைகட்டி நிற்கிறான் சிவசங்கர்! அடப்பாவி, அந்தச் சின்னப்பையனிடமும் திருடியிருக்கிறானா! எனக்கு வயிறு எரிந்தது. கேஸைப் போட்டுவிட்டு வராமல் போன அந்த ஆளை நினைத்தால் இன்னும் எரிந்தது. பொறுப்பில்லாத மனுஷன்!

மதியம்வரை கார்முகிலை யாரும் கூப்பிடவில்லை. டவாலியைப் போய்க் கேட்டேன். அவர் பட்டியலைப் புரட்டினார்.

“கார்முகில்னு யாரும் இல்லியே. கையுறை கேஸா? வாதி சின்னப்பையன் ஆஜராகல. தள்ளுபடி.”

“நான்தாங்க சின்னப்பையன்!”

“மூணு தபா கூப்ட்டனே, எங்க போயிருந்தீங்க?”

“இங்கதாங்க குந்தினு இருந்தேன்.”

அவர் என்னை மேலும் கீழும் பார்த்துவிட்டு நகர்ந்துவிட்டார்.

வீட்டுக்கு வந்து குதித்தேன். “டைப் அடிக்கிறவரப் போய்ப் பாத்தியா இல்லியா?”

“அவரு கறுப்பா செவப்பான்னே எனக்குத் தெரியாது.”

“விடமாட்டேன்! கேஸைத் திரும்ப எடுக்கச் சொல்லி மனு போடுவேன்!”

“தாராளமா போடு. ஆனா ஏன் ஆஜராகலன்னு காரணம் எழுதணுமாம். சங்கர் சொன்னான்.”

பேப்பரையும் பேனாவையும் அவளே கொண்டுவந்து வைத்தாள். கூப்பிட்டது என்னைத்தான். நான் இருந்ததும் அங்கேதான். காரணம் என்று என்ன எழுதுவது? கால் மணி நேரம் பேனாவைக் கடித்தேன்.

“இன்னாயா, கவிஞருக்கு ஒரு வரி வரலியா?” என்றாள் எழிலரசி. “‘சம்சாரம் சொன்னா, கேட்டேன்’னு எழுது. ஜட்ஜய்யாவும் கல்யாணம் ஆனவருதான், ஒத்துக்குவாரு.”