குளிகனுக்கு லேட் கிடையாது

ஆரணி பஸ் ஸ்டாண்டில் சூரியன்கூட அவரைக் கேட்டுவிட்டுத்தான் உதித்தது. மிகை என்று நினைப்பவர்கள் அந்தக் காலத்தில் அங்கே பஸ் ஏறாதவர்கள்.

தனியார் பஸ்களுக்கு டைம் கீப்பர். வீட்டில் வைத்த பெயர் ஏதோ இருந்தது. ஸ்டாண்டில் அவர் ‘குளிகை’. ராகுகாலம், எமகண்டத்தோடு மூன்றாவதாகத் தினமும் ஒன்றரை மணி நேரம் காலண்டரில் போட்டிருக்குமே, அந்தக் குளிகை. அதற்கு அதிபதி குளிகன், சனியின் மகன், கண்ணுக்குத் தெரியாத கிரகம். அந்த நேரத்தில் எது செய்தாலும் திரும்ப நடக்கும் என்பது நம்பிக்கை. இவருக்கு அது சட்டம்.

குளிகையில் பஸ் தாமதமாக வந்தால் நோட்டில் ‘லேட்’ எழுத மாட்டார். எழுதினால் நாளைக்கும் லேட் ஆகுமாம். இது தெரிந்த களம்பூர் பஸ் டிரைவர்கள், தாமதமாகிவிட்டால் வழியில் நிறுத்தி டீ குடித்து, இன்னும் தாமதமாக்கி, குளிகை பிறந்த பிறகுதான் உள்ளே நுழைவார்கள். “லேட் இல்ல, போ” என்று கையெழுத்துப் போட்டுக் கொடுப்பார்.

ஒருமுறை பல் பிடுங்கப் போனார். டாக்டர் ஊசி போட்டுவிட்டுக் குறடு எடுப்பதற்குள் குளிகை பிறந்துவிட்டது. ஒரு பல் போனால் முப்பத்திரண்டும் போகுமே! மரத்துப்போன வாயோடு எழுந்து ஓடி வந்துவிட்டார். அன்று முழுவதும் எந்த பஸ் எங்கே போகிறது என்று அவர் சொன்னது யாருக்கும் புரியவில்லை.

அவர் பேச்சைக் கேட்டு ஒரு நெசவாளர் குளிகையில் பட்டுச்சேலை கொண்டுபோய்க் கடையில் கொடுத்தார், ஆர்டர் திரும்பத் திரும்ப வரட்டும் என்று. குறை இருக்கிறதென்று சேலை திரும்பி வந்தது. அடுத்த இரண்டும் திரும்பின. “பாத்தியா, பலிச்சிடுச்சி!” என்றார் இவர், கொஞ்சமும் வெட்கமில்லாமல்.

நான் அவருடைய டைம் கீப்பர் கூண்டுக்குப் பக்கத்தில் எஸ்.டி.டி. பூத் வைத்திருந்தேன். பி.எஸ்சி. இயற்பியல். வேலை கிடைக்கவில்லை, திமிர் மட்டும் நிறையக் கிடைத்திருந்தது.

“ஞாயித்துக்கிழம மூணு மணி, திங்கக்கிழம ஒண்ணர. இது இன்னா சார், கிரகமா, டவுன் பஸ்ஸா? எந்த டெலஸ்கோப்லயும் தெரியலயே?”

“பஸ்ஸுன்னே வச்சிக்கோ பி.எஸ்சி. ஸ்டாண்டுல தெரியலன்னா, எங்கியோ ஓடிகினு இருக்குதுன்னு அர்த்தம்.”

கோயிலில் நவக்கிரகத்தைச் சுற்றிவிட்டு, பத்தாவதாகக் காலி இடத்துக்கும் ஒரு கும்பிடு போடுவார். பிற்காலத்தில் புளூட்டோவைக் கிரகப் பட்டியலிலிருந்து நீக்கிய செய்தி பேப்பரில் வந்ததும் என் பூத்துக்கே ஓடி வந்தார். “ஒரு சீட்டு காலியாம்பா. எங்காளுக்குக் குடுக்கச் சொல்லி இங்கிலீஷ்ல ஒரு லெட்டர் எழுது.”

அவருடைய ஒரே மகனுக்கு துபாயில் ஏசி மெக்கானிக் வேலை கிடைத்தது. புதன்கிழமை, குளிகை பத்தரை முதல் பன்னிரண்டு வரை. பையன் ஏறவேண்டியது பதினொன்று ஐம்பது வேலூர் பஸ். “குளிகைல கெளம்புறான். திரும்பியே ஆவணும்” என்று ஸ்டாண்டு முழுக்கச் சொல்லிக்கொண்டு திரிந்தார். தாயில்லாப் பிள்ளை, அவருக்கு வேறு யாரும் இல்லை.

பதினொரு மணிக்கு அவர் மாலை வாங்கப் போனார். நான் கூண்டுக்குள் புகுந்து கடிகாரத்தைக் கால் மணி நேரம் பின்னால் தள்ளினேன்.

அவர் கடிகாரத்தில் பதினொன்று ஐம்பது ஆனபோது நிஜ நேரம் பன்னிரண்டு ஐந்து. குளிகை முடிந்து ராகுகாலமே பிறந்துவிட்டது. கண்டக்டர் தன் வாட்சைக் காட்டிக் கத்தினார். “ஆரணில என் கெடியாரந்தான்யா டைமு!” என்று இவர் விசில் ஊதினார். பையன் ஊர் திரும்பியதும், ‘ராகுகாலத்தில் போனவன் வந்துட்டான் பாருங்க’ என்று நிரூபிப்பது என் திட்டம். ஒரு தகப்பனை வைத்துப் பரிசோதனை செய்கிறேன் என்பது உறைக்கவில்லை.

பையன் வரவில்லை. வாராவாரம் என் பூத்துக்கு வந்த போன் மாதாமாதம் ஆனது, பிறகு தீபாவளிக்குத் தீபாவளி. அவர் பஸ் கதை, மழைக் கதை எல்லாம் பேசுவார். ‘வா’ என்று மட்டும் சொல்ல மாட்டார்.

ஒருநாள் பையன் என்னிடம் சொன்னான்: “அப்பா ஒரு தடவகூட வான்னு கூப்புடலண்ணா. நான் இல்லாமலே நல்லா கீறாரு போல.”

அவரிடம் போய்ச் சொன்னேன். சிரித்தார். “நான் எதுக்குக் கூப்புடணும்? குளிகைல போனவன். கூப்ட்டா கிரகத்த நம்பலன்னு ஆயிடும்.”

உண்மை நாக்கு நுனி வரை வந்தது. விழுங்கிவிட்டேன். பயமா, வீம்பா, இன்றும் தெரியவில்லை. ஒன்பது வருடம் விழுங்கினேன்.

ஒரு வியாழக்கிழமை சாயங்காலம் நெஞ்சுவலி வந்து, ஆஸ்பத்திரி போவதற்குள் போய்விட்டார். நான்தான் துபாய்க்குப் போன் போட்டேன். மறுநாள் காலை ஏழு மணிக்குப் பையன் பேசினான்: “டாக்ஸில வந்துகினே கீறேண்ணா. காவேரிப்பாக்கம் தாண்டிட்டேன்.”

வீட்டுக்கு ஓடினேன். அவர் தம்பி அவசரப்படுத்திக்கொண்டிருந்தார். “ஏழரைக்குக் குளிகை. அதுல எடுத்தா வீட்டுல இன்னொண்ணு வுழும். ஜல்தி தூக்குங்கபா!”

“பையன் வந்துகினு கீறான்ங்க.”

“ஒம்போது வருசமா வராதவன் இன்னிக்கி வந்துடுவானா? பேஜார் பண்ணாத, போ.”

எல்லோரும் வாசலில் பாடையைச் சுற்றி நின்றார்கள். கூடத்தில் அவரும் நானும் மட்டும். சுவர்க் கடிகாரத்தில் ஏழு பத்து. எட்டி முள்ளை ஏழரைக்குத் தள்ளினேன். வெளியே வந்து கத்தினேன்: “குளிகை பொறந்துடுச்சி! யாரும் தொடாதீங்க!”

ஒருவர் வாட்சைப் பார்த்து இழுத்தார். “இந்த வூட்டுல இந்தக் கெடியாரந்தான் டைமு” என்றேன். தம்பி உள்ளே எட்டிப் பார்த்துவிட்டுத் தலையில் கை வைத்து உட்கார்ந்தார். இனி ஒன்பதுக்குத்தான்.

அப்போதுதான் எனக்கு உறைத்தது. அன்றைக்கு நான் கூண்டுக் கடிகாரத்தில் கை வைத்தது புதன் பதினொரு மணி. குளிகை. அந்தத் திருட்டு வேலைதான் இப்போது திரும்பி வந்திருக்கிறது. என் பி.எஸ்சி. அந்த வாசலில் வாயை மூடிக்கொண்டது.

பையன் வந்து இறங்கியபோது என் கடிகாரத்தில் எட்டு ஐம்பது, ஊர்க் கடிகாரத்தில் எட்டரை. எந்தக் கணக்கிலும் குளிகைதான். “ஒரு வார்த்த வான்னு சொல்லியிருக்கலாமேப்பா” என்று அவர் காலைக் கட்டிக்கொண்டு அழுதான்.

நான் அவர் காதருகே குனிந்தேன்.

“சார், அன்னிக்கிக் கெடியாரத்தத் திருப்பினது நான்தான். மன்னிச்சிடுங்க. பையன் வந்துட்டான். குளிகைலதான் வந்துகீறான். லேட் போடாதீங்க.”