பெருமாள் மட்டும் குடித்த ஸ்மூத்தி

எனக்குத் தற்பெருமை கொஞ்சம் அதிகம் என்று என் வீட்டுக்காரர் சொல்வார். ‘கொஞ்சம்’ என்று அவர் சேர்ப்பது மரியாதைக்காக. நான் பத்தாவது வரை படித்தவள். கணக்கில் வாங்கிய மார்க்கை இன்றுவரை என் பெண்ணிடம் சொன்னதில்லை. ஆனால் அடுப்படிக்குள் நுழைந்துவிட்டால் நான் ஆளே வேறு.

அதற்குக் காரணம் உண்டு. எங்கள் வீட்டில் எதைச் செய்தாலும் முதலில் பெருமாளுக்குக் காட்டிவிட்டுத்தான் யாரும் வாயில் வைப்போம். சமைக்கும்போது ஒரு சொட்டைக் கையில் விட்டு நக்கிப் பார்க்கிற வேலையே கிடையாது. கல்யாணமாகி ஸ்ரீரங்கத்துக்கு வந்த நாளிலிருந்து குழம்பில் உப்பு போதுமா, புளி தூக்கலா என்பதையெல்லாம் வாசனையை வைத்தே சொல்லிவிடுவேன். (சிரிக்காதீங்க. உப்புக்கு வாசனை உண்டு. அதற்கு மூக்கு வேணும், அவ்வளவுதான்.)

அந்த மூக்கு அறுபட்ட கதையைத்தான் சொல்ல வந்தேன்.

ஆறு வருஷத்துக்கு முந்தைய மே மாதம். பெங்களூரில் இருக்கும் என் நாத்தனார் கலா, பிள்ளைகள் இரண்டு பேரையும் கூட்டிக்கொண்டு ஒரு வெள்ளிக்கிழமை சாயங்காலம் வந்து இறங்கினாள். ரித்விக்குக்கு ஒன்பது வயது, தான்யாவுக்கு ஆறு. என் பெண் கோதைக்கு அப்போது எட்டு. ஒற்றைப் பிள்ளை. இவர்கள் வந்து பத்து நாள் தங்கப் போகிறார்கள் என்று தெரிந்ததிலிருந்து காலண்டரில் தினமும் ஒரு நாளை அடித்துக்கொண்டே வந்தாள். மொட்டை மாடியில் புடவையைக் கட்டிக் கூடாரம், முக்கொம்பு அணைக்கு ஒரு நாள், மூன்று பேருக்கும் ஒரே பாய், தான்யாவுக்குப் பாதி கலர் பென்சில் என்று எல்லாம் திட்டம் போட்டு வைத்திருந்தாள்.

ராத்திரி இலையில் அவியல் வைத்தேன். ரித்விக் அதை விரலால் விலக்கி, போலீஸ்காரர் பை சோதனை போடுவது மாதிரி பார்த்தான்.

“அத்தை, இதுல பச்சையா ஏதோ இருக்கு.”

“அது கறிவேப்பிலைப்பா.”

“அது ஏன் இருக்கு?”

இந்தக் கேள்விக்கு எனக்கு இன்னமும் பதில் தெரியாது. தான்யா கேள்வியே கேட்கவில்லை. வெறும் தயிர்சாதத்தை மட்டும் தின்றுவிட்டு எழுந்து போய்விட்டாள்.

கலா கையைக் கழுவிக்கொண்டே சொன்னாள்: “பார்த்தீங்களா அண்ணி? டாக்டர் காயும் பழமும் உள்ள போயே ஆகணும்னு கண்டிச்சு சொல்லிட்டார். அங்க நான் மிரட்டி உருட்டி ஊட்டறேன். உங்களால முடியாது, நீங்க செல்லம் குடுப்பீங்க. நாளைக்குக் காலையில காய், பழம்னு ஏதாவது ஒண்ணு உள்ள போச்சுன்னா விட்டுட்டுப் போறேன். இல்லேன்னா மத்தியான ட்ரெயின்ல என்னோடயே கூட்டிட்டுப் போயிடறேன்.”

“இவ்வளவுதானே? நீ நிம்மதியா தூங்கு” என்றேன்.

கோதை கதவுக்குப் பின்னால் நின்று கேட்டிருக்கிறாள். படுக்கும்போது என் முந்தானையைப் பிடித்துக்கொண்டாள். “அம்மா, எப்படியாவது அவங்களை சாப்பிட வெச்சுடும்மா. ப்ளீஸ்மா.”

“அம்மா இருக்கேன்ல? நாளைக்கு அவங்க இன்னொரு டம்ளர் கேப்பாங்க பாரு.”

(இன்னொரு டம்ளர்! எந்த நம்பிக்கையில் சொன்னேனோ.)

டம்ளர் என்று சொன்னதற்குக் காரணம் போனில் பார்த்த ஒரு வீடியோ. சாப்பிட அடம்பிடிக்கும் பிள்ளைகளுக்கு ஒரு அம்மா ஸ்மூத்தி செய்து காட்டினார். அதுவரை நான் ஸ்மூத்தி என்ற பேரைக் கேட்டதில்லை. பார்த்தால் பழத்தையும் பாலையும் மிக்ஸியில் போட்டு ஓட்டுகிறார். இதற்கு ஒரு பேர் வேறயா என்று நினைத்தேன். கடைசியில் அந்த அம்மா விரலை உயர்த்தி ஏதோ சொல்ல வந்தார். எனக்குத் தெரியாததா என்று போனை அணைத்துவிட்டேன்.

என் வீட்டுக்காரருக்குக் காந்தி மார்க்கெட்டில் ஒரு காய்கறி மண்டியில் வேலை. எங்கள் வீட்டில் காய்கறிக்கு என்றைக்கும் குறைவில்லை. அந்த அம்மா பழத்தோடு நிறுத்திக்கொண்டார். நான் அவரைவிட ஒரு படி மேலே போனேன். காலை ஆறரை மணிக்குக் குளித்து மடியாக மிக்ஸி முன்னால் நின்றேன். பாதிப் பப்பாளி, ஆறு பூவன் பழம், இரண்டு கேரட், ஒரு பீட்ரூட், வெள்ளரிக்காய், எல்லாவற்றுக்கும் மேல் ஒரு கைப்பிடி பசலைக்கீரை. இரண்டு பாக்கெட் காய்ச்சி ஆற வைத்த பால். வெல்லம், ஏலக்காய். (கோயில் தளிகையில் கேரட், பீட்ரூட் எல்லாம் சேர்ப்பதில்லை என்று எனக்கும் தெரியும். வீட்டுப் பெருமாள் எங்களோடு இருந்து பழகியவர், அனுசரித்துக்கொள்வார்.)

பீட்ரூட் போட்டவரைக்கும் ரோஸ் நிறத்தில் அழகாகத்தான் இருந்தது. கீரை விழுந்ததும் காவிரியில் புதுத்தண்ணீர் வருகிற நிறத்துக்கு மாறிவிட்டது. நிறத்தில் என்ன இருக்கிறது, ஏலக்காய் வாசனை தூக்கிக்கொண்டு போகிறதே என்று சமாதானம் ஆனேன். பெருமாளுக்கு வெள்ளிக் கிண்ணத்தில் கொஞ்சம் ஊற்றி, மீதியைப் பெரிய தூக்கில் மூடி வைத்தேன்.

ஏழு மணிக்குப் பூஜை முடிந்திருக்க வேண்டும். சனிக்கிழமை ஆயிற்றே! விடியற்காலையில் கோயிலுக்குப் போன என் வீட்டுக்காரர் கூட்டத்தில் மாட்டி, வழியில் சிநேகிதரிடம் மாட்டி, எட்டேகாலுக்குத்தான் வந்து சேர்ந்தார். அதற்கப்புறம் உட்கார்ந்து பாசுரம் சொல்ல ஆரம்பித்தார். சனிக்கிழமைகளில் அவர் எதையும் விடமாட்டார். தூக்கு ஓரமாக இருந்தது. உள்ளே என்ன நடக்கிறது என்று யார் கண்டார்கள்?

கலா என் காதோரம் வந்தாள். “அண்ணி, பசங்களுக்குக் குடுக்கறது. ஒரு சொட்டு ருசி பார்த்துடலாமா?”

“கலா, நீயும் இந்த வீட்டுல பொறந்தவதானே? பெருமாளுக்கு முன்னாடி நான் ருசி பார்க்கவா?”

“இல்ல அண்ணி, இது குழம்பு ரசம் இல்லையே, புதுசா இருக்கேன்னு...”

“என் கைக்குப் புதுசு பழசெல்லாம் கிடையாது.”

கற்பூரம் காட்டி, தீர்த்தமும் துளசியும் கொடுத்து முடிந்தது. ஆறு டம்ளரில் ஊற்றினேன். மேலே வெள்ளை வெள்ளையாகத் திரிதிரியாக ஏதோ மிதந்தது. பாலேடாக இருக்கும் என்று கரண்டியால் கலக்கிவிட்டேன். முதல் டம்ளரைக் கோதையிடம் கொடுத்தேன், மற்ற இரண்டும் அவளைப் பார்த்துக் குடிக்கட்டும் என்று.

கோதை ஒரே மூச்சில் பாதி டம்ளர் குடித்தாள். கண் இரண்டும் கலங்கியது. தாடை ஆடியது. அப்படியே என்னைப் பார்த்து, “சூ... சூப்பரா இருக்கும்மா” என்றாள்.

என் பெண் பொய் சொல்லி நான் பார்த்த முதல் தடவை அதுதான். அவள் குரல் போன போக்கைக் கேட்டு மற்ற இரண்டு டம்ளரையும் பிடிக்கக் கையை நீட்டினேன். ஆனால் அதற்குள் ரித்விக் ஒரு வாய் குடித்துவிட்டான். குடித்த வேகத்தில் அது வெளியே வந்தது. பெருமாள் மேல் படவில்லை, புண்ணியம். தான்யா டம்ளரைத் தொடாமலே அழ ஆரம்பித்துவிட்டாள்.

நானும் வாயில் வைத்துப் பார்த்தேன். வேப்பங்கொழுந்தைத் திரிந்த பாலில் அரைத்து, அதில் யாரோ ஏலக்காய் போட்டது மாதிரி இருந்தது. கசப்பு நாக்கோடு நிற்கவில்லை, காது வரைக்கும் போயிற்று.

கலா உள்ளே போய்ப் பையின் ஜிப்பை இழுத்தாள். அந்தச் சத்தம் கேட்டதும் கோதை, மிச்சம் பாதி டம்ளரையும் எடுத்து வாயில் வைத்துக்கொண்டாள். அதைப் பார்க்க எனக்குத் தாங்கவில்லை. பிடுங்கிக் கீழே வைத்தேன்.

“கொட்டிடறேங்க” என்றேன் அவரிடம்.

“பிரசாதத்தையா?” என்றார்.

எங்கள் வீட்டில் பிரசாதத்தைக் கொட்டுகிற பேச்சே கிடையாது. ஒரு பருக்கை கீழே விழுந்தாலும் எடுத்துக் கண்ணில் ஒற்றிக்கொள்கிற குடும்பம். கொஞ்சம் வாளியில் எடுத்துக்கொண்டு வாசலில் நின்ற பசுமாட்டிடம் போனேன். சுவரொட்டியைக்கூட விடாமல் தின்கிற மாடு அது. வாளிக்குள் மூக்கை விட்டது, என்னை ஒரு பார்வை பார்த்தது, எதிர்த்த வீட்டுப் பக்கம் போய் நின்றுகொண்டது.

திரும்பி வந்தால் என் வீட்டுக்காரர் சம்மணம் போட்டு உட்கார்ந்து ஒரு டம்ளரைக் கண்ணில் ஒற்றிக்கொண்டிருந்தார். “கோவிந்தா!” என்று சொல்லி மடக்கென்று குடித்தார். அவருடைய இரண்டு புருவமும் மேலே போய், கொஞ்ச நேரம் இறங்கவே இல்லை.

“கலா, வா. நீயும் எடுத்துக்கோ.”

“அண்ணா, எனக்கு ட்ரெயினுக்கு...”

“பிரசாதம்மா.”

பெங்களூரில் பெரிய கம்பெனியில் வேலை பார்க்கிற என் நாத்தனார் அண்ணன் பக்கத்தில் உட்கார்ந்து, டம்ளரைக் கண்ணில் ஒற்றி, குடித்தாள். அவள் முகம் போன கோணலை எழுதிக்காட்ட எனக்குப் படிப்பு போதாது. ரித்விக் அதைப் பார்த்து முதலில் கிக்கிக்கென்றான். அப்புறம் தான்யா. அழுத கண்ணோடு, “அம்மா, இன்னொரு வாய்! ப்ளீஸ், இன்னொரு வாய்!” என்று குதிக்கிறாள். வழக்கமாகக் கலா வீட்டில் யார் யாரைப் பார்த்துச் சொல்கிற வார்த்தை அது!

அடுத்தது என் முறை. நான் குடித்து முடித்தபோது பிள்ளைகள் மூன்றும் தரையில் உருண்டு சிரித்துக்கொண்டிருந்தன. தூக்கில் இன்னும் பாதிக்கு மேல் இருந்தது. நான் அதைக் கையில் எடுத்தேன். சத்தியமாகச் சொல்கிறேன், கொல்லையில் கால் படாத இடமாகப் பார்த்து வாழைமரத்தடியில் சேர்க்கத்தான் எடுத்தேன். ரித்விக் அடுத்த டம்ளர் தனக்குத்தான் என்று நினைத்துக்கொண்டான். சிரிப்பு நின்றுபோயிற்று.

“அத்தை, இதுல என்னென்ன போட்டீங்க?”

சொன்னேன்.

“அதையெல்லாம் தனித்தனியா குடுத்துடுங்க அத்தை. நாங்க கடிச்சுத் தின்னுடறோம். அரைக்க மட்டும் வேணாம்.”

“வேணாம் அத்தை” என்றாள் தான்யாவும் கையைக் கூப்பி.

கோதை அடுப்படிக்கு ஓடினாள். என்ன ஓட்டம்! ஒரு தட்டில் கேரட், வெள்ளரித் துண்டு, மிச்சம் இருந்த பாதிப் பப்பாளி எல்லாம் வந்தது. என் கையில் இருந்த தூக்கைப் பார்த்துக்கொண்டே இரண்டும் மென்றன. கலா வாயைத் துடைத்தபடி பார்த்துக்கொண்டே நின்றாள். தான்யா மூன்றாவது பப்பாளித் துண்டை எடுத்தபோது கலா உள்ளே போனாள். மறுபடி ஜிப் சத்தம். இந்தத் தடவை பிள்ளைகளின் சட்டைகளை எடுத்து அலமாரியில் அடுக்கினாள். மத்தியான ட்ரெயினில் தனியாகத்தான் போனாள்.

அன்று சாயங்காலம் அந்த வீடியோவைக் கடைசி வரைக்கும் பார்த்தேன். அந்த அம்மா விரலை உயர்த்திச் சொன்னது இதுதான்: பப்பாளியையும் பாலையும் சேர்த்து அடித்தால் உடனே குடித்துவிட வேண்டும், வைத்திருந்தால் கசந்துவிடும். (முன்னாடியே சொல்லித் தொலைச்சிருக்கக் கூடாதா?)

பத்து நாளும் நான் ஒன்றும் செய்யவில்லை. காலையில் மிக்ஸியை எடுத்துக் கூடத்தில் வைப்பேன், அவ்வளவுதான். தட்டு காலியாகிவிடும். அவர்கள் ஊருக்குப் போனபிறகும் கலாவிடமிருந்து போன் வரும்: “அண்ணி, பீன்ஸை ஒதுக்கி வெக்கறான். கொஞ்சம் வீடியோ கால்ல வந்து மிக்ஸியைக் காட்டுங்களேன்.” காட்டுவேன். ஒரு தடவை ஓட்டியும் காட்டினேன்.

இன்றைக்கும் நான் பெருமாளுக்கு முன்னால் ருசி பார்ப்பதில்லை. என் மூக்கின் மேல் எனக்கு நம்பிக்கை போகவில்லை. பப்பாளி விஷயத்தில் அதற்கு அனுபவம் பத்தவில்லை, வேறொன்றுமில்லை. ஆனால் குடும்பம் அப்படி விட்டுவிடுமா? போன தை மாதம் உறவில் ஒரு கிரகப்பிரவேசம். ரித்விக் இப்போது என்னைவிட உயரம், மீசை அரும்பியிருக்கிறது. நான் பாதாம் பால் டம்ளரை நீட்டினேன். வாங்கவில்லை. பந்தியில் உட்கார்ந்திருந்த எல்லோருக்கும் கேட்கிற மாதிரி கேட்டான்:

“அத்தை, இதைப் பெருமாள் மட்டும்தான் குடிச்சிருக்காரா, இல்ல மனுஷங்க யாராவது குடிச்சுப் பார்த்தாச்சா?”