ஈரம் காயாத எட்டுத் தூண்கள்

விசேஷம் என்றால் வெள்ளையடித்தே ஆகவேண்டும் என்று நம்பும் பரம்பரையில் வந்தவன் நான். அந்த நம்பிக்கையால் ஒரு நடனக் குழுவையே பெயிண்டில் முக்கி எடுத்தவன் என்பதையும் இங்கேயே ஒப்புக்கொண்டுவிடுகிறேன்.

ராயபுரத்தில் ஒரு பழைய சரக்குக் கிடங்குக்கு நான் மேற்பார்வையாளர். டேப் பிடித்து மூலைமுடுக்கெல்லாம் அளந்தவன் என்பதால் அந்தக் கட்டடம் எனக்கு அத்துப்படி என்ற நினைப்பு. அங்கே நவீன நடனம் ஆட அனுமதி வாங்கிக்கொண்டு காசிமேட்டிலிருந்து ஸ்டெல்லா வந்தாள். "நடுவுல எட்டுத் தூண் நிக்குதே, இடைஞ்சலா இருக்காதா?" என்று பெருந்தன்மையோடு கேட்டேன்.

"தூணுக்காகத்தான் சார் இந்த எடத்தையே கேட்டேன்" என்றாள். (மரியாதைக்குச் சொல்கிறாள் என்று நினைத்தேன். ஒத்திகையை ஒரு நாளாவது எட்டிப் பார்த்திருக்கலாம்.)

அவளுடைய அம்மா மேரி, மீன் வியாபாரி. "ஒரே ஒரு தபா வந்து பாக்குறேன். புடிக்கலைன்னா ஆட்டத்த ஏறக்கட்டிட்டு வேலைக்குப் போய்க்கினே இரு" என்று மகளுக்கு நிபந்தனை போட்டிருந்தார். அது காதில் விழுந்ததும் எனக்குப் பொறுப்பு பொங்கிவிட்டது. ஆட்டத்தன்று காலையில் எட்டு இரும்புத் தூண்களுக்கும் பளபளவென்று வெள்ளை எனாமல் அடிக்கச் சொன்னேன். துறைமுகத்து ஈரக்காற்றில் சாயங்காலத்துக்குள் அது காயாது என்பது, பத்து வருஷம் அங்கே குப்பை கொட்டிய எனக்குத் தோன்றவேயில்லை.

ஆட்டம் தொடங்கியது. கறுப்பு உடையில் ஓடிவந்த ஸ்டெல்லா முதல் தூணில் முதுகைச் சாய்த்துச் சரிந்தாள். எழுந்தபோது முதுகு முழுக்க வெள்ளை. பின்னால் வந்த மூன்று பேருக்கும் அதே கதி. "நிறுத்துங்க!" என்று கத்திக்கொண்டே ஓடி, கால் தடுக்கி, மூன்றாம் தூணை இறுக்கிக் கட்டிக்கொண்டேன். (சபை கைதட்டியது. நானும் ஆட்டத்தில் சேர்த்தி என்று நினைத்துவிட்டார்கள்.)

ஸ்டெல்லா ஒரு கணம் தன் உள்ளங்கையைப் பார்த்தாள். பிறகு வேண்டுமென்றே அடுத்த தூணைத் தொட்டுவிட்டுச் சுவருக்குத் தாவினாள். எட்டாத உயரத்தில் ஒரு வெள்ளைக் கை. உருண்டாள், தரையில் ஒரு வெள்ளைத் தோள். அந்தக் கூரை எவ்வளவு உயரம், தூணுக்கும் தூணுக்கும் நடுவே எவ்வளவு வெளி என்பதெல்லாம் நோட்டில் எழுதி வைத்திருந்த எனக்கு அன்றுதான் கண்ணில் பட்டது. என்ன பெண் இவள் என்று தூணைக் கட்டிக்கொண்டே பிரமித்தேன். சட்டை ஒட்டிக்கொண்டிருந்ததால் வேறு வழியும் இல்லை.

முடிந்ததும் மேரியம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டு மகளிடம் வந்தார். "இவ்ளோ தெறம கீதாடி உனுக்கு? ஆடு, யாரு கேக்குறா! வூட்டுக்கு வர்றப்போ மண்ணெண்ண போட்டுக் கழுவிக்கினு வா." அப்புறம் என் பக்கம் திரும்பினார். "ஆமா, நீ இன்னாத்துக்குப்பா அந்தத் தூணைக் கட்டிக்கினு நின்ன?"

மன்னிப்புக் கேட்கப் போனதில் பழக்கமாகி, அடுத்த வருஷம் ஸ்டெல்லாவுக்கும் எனக்கும் கல்யாணம். சர்ச்சில் புதிதாகப் பெயிண்ட் அடித்திருந்தார்கள். அன்று தொடங்கியது, இன்றுவரை எந்த விசேஷத்திலும் நான் சுவரோரம் ஒதுங்கினால் போதும், கூட்டம் மொத்தமும் திரும்பிப் பார்க்க என் மாமியார் குரல் கொடுப்பார்: "மாப்ள, காஞ்சிச்சான்னு பாத்துக்கினு சாஞ்சிக்கோ!"