படை இல்லாத நாட்டின் பட்டாளத்துப் பையன்

மூலக்குளம்,
புதுச்சேரி.

யோக்கோஹாமாவில் வேலை பார்க்கும் அன்பு மகள் சுடர்விழிக்கு அப்பா நெடுமாறன் எழுதுவது. இங்கே நானும் உன் அம்மா தனக்கொடியும் உடம்புக்குச் சுகம். மனசுக்கு உன் அம்மா மட்டும் சுகம். உன் சுகத்துக்குக் குலதெய்வத்தை வேண்டிக்கொள்கிறேன். போனில் நான் ஹலோ சொல்வதற்குள் உன் அம்மா பிடுங்கிக்கொள்வதால், உத்தியோகத்தில் இருந்தபோது மேலதிகாரிகளுக்கு எழுதிய பழக்கத்தில் இதைத் தாளில் எழுதுகிறேன்.

நவோகி என்கிற அந்த ஜப்பான்காரப் பையனைக் கட்டிக்கொள்ளப் போவதாக நீ சொன்னாய் அல்லவா, அதற்கு என் பதில், முடியாது. உன் அத்தை மகள் கலைவாணி மலையாளத்துப் பையனைக் கட்டிக்கொண்டபோது, கல்யாண மண்டபத்திலேயே நான் மைக்கை வாங்கி, "எங்க வீட்டுல வெளி சம்பந்தம் கெடையாது" என்று பேசியதை ஊரே கேட்டது. கல்யாண வீடியோவிலும் இருக்கிறது. மைக்கில் சொன்னதை மாற்றிக்கொள்ள நான் என்ன தேர்தலிலா நிற்கிறேன்?

இதோடு நிறுத்தியிருப்பேன். கெடுத்தது உன் அம்மா. பையனுக்கு என்ன வேலை என்று அவள் கேட்டதற்கு, கடற்படை மாதிரி ஒன்றில் அதிகாரி, ஆனால் அது சட்டப்படி கடற்படை இல்லை என்று நீ சொன்னாயாம். அவள் முதல் பாதியை மட்டும் எடுத்துக்கொண்டு உப்பளத்தில் இருக்கும் தன் அண்ணன் வீட்டுக்கு ஓடிச் சொல்லிவிட்டாள். உன் இராமதாஸ் மாமாவைத்தான் தெரியுமே, பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்துவிட்டு வந்த சொல்தா, பிரெஞ்சு தேசிய நாளான ஜூலை பதினாலு வந்தால் மெடலைக் குத்திக்கொண்டு கடற்கரைக்குப் போகிறவர். இந்த ஊரில் சொல்தா மாப்பிள்ளை என்றால், பிரெஞ்சுப் பென்ஷனும் குடியுரிமையும் கூடவே வரும் என்று சில வீடுகளில் ஜாதகம்கூடக் கேட்க மாட்டார்கள். மாமாவுக்குத் தலைகால் புரியவில்லை, உப்பளம் முழுக்கச் சொல்லிவிட்டார். முகமே தெரியாத பெண்களெல்லாம் நம் வீட்டுக்கு வந்து, பையன் காலத்துக்குப் பிறகு உனக்குப் பென்ஷன் வருமா, எங்களுக்கும் ஜப்பான் குடியுரிமை கொடுப்பார்களா என்று விசாரித்தார்கள். கல்யாணமே நடக்கவில்லை, அதற்குள் அந்தப் பையனைச் சாகடித்துப் பென்ஷனும் வாங்கிவிட்டார்கள். உன் அம்மா எல்லாருக்கும் காபி போட்டுக் கொடுத்தாள்.

அந்த வாரக் கடைசியில் மாமா முகத்தைத் தொங்கப்போட்டுக்கொண்டு வந்தார். பையன் எந்த ரெஜிமான், அதாவது எந்தப் படைப்பிரிவு என்று தெரிந்துகொள்ள யாரையோ விட்டுத் தேடச் சொன்னாராம். கதவைச் சாத்திவிட்டு, "மச்சான், அவனுங்க சட்டத்துலயே படை வச்சிக்க மாட்டோம்னு எழுதி வச்சிருக்கானுங்க. அப்பறம் இந்தப் புள்ள எதுல வேலை செய்யுது?" என்றார். அன்று மாலைக்குள் அந்தப் பையன் துறைமுகத்தில் வாட்ச்மேன் என்று முடிவாகிவிட்டது. அரியாங்குப்பத்திலிருந்து என் சிநேகிதன் வேம்பு பஸ் ஏறி வந்து, காவல் வேலை ஒன்றும் கேவலமில்லை என்று எனக்கு ஆறுதல் சொல்லிவிட்டுப் போனான். சம்பந்தம் தானாகவே முறிகிறதே என்று நான் சந்தோஷப்பட்டிருக்க வேண்டும். ஆனால் என் பெண் ஒருவனைப் பார்த்து வைத்திருக்க, அவனை ஏமாற்றுக்காரன் என்று சொல்ல இவர்கள் யார்? எனக்கு ஆத்திரம் பொத்துக்கொண்டு வந்தது. நேரே நூலகத்துக்குப் போய் உட்கார்ந்துவிட்டேன்.

படித்ததைச் சொல்கிறேன், உனக்கு அங்கே யாரும் சொல்லியிருக்க மாட்டார்கள். இரண்டாம் உலகப் போரில் தோற்ற பிறகு வந்த அரசியல் சட்டத்தில், ஒன்பதாவது பிரிவாக, இனிமேல் போர் கிடையாது, தரைப்படை கடற்படை விமானப்படை எதுவும் கிடையாது என்று எழுதிவிட்டார்கள். மை காய்வதற்குள் பக்கத்துக் கொரியாவில் சண்டை வந்தது. உடனே சும்மா ஒரு போலீஸ் படை என்று ஆரம்பித்தார்கள். அது வளர்ந்து 1954-இல் தற்காப்புப் படை ஆயிற்று. அதாவது ராணுவம் இல்லை, டாங்கி உண்டு. வேறு யாராவது அடிக்க வந்தால் பார்த்துக்கொள்ள அமெரிக்காவோடு ஒப்பந்தம் போட்டு, அவர்கள் தங்குவதற்கு இடமும் கொடுத்தார்கள். அறுபது வருஷம் போன பிறகு அமைச்சரவை கூடி, நெருங்கிய சிநேகிதனை யாராவது அடித்து அதனால் நமக்கே ஆபத்து என்றாலும் இறங்கலாம் என்று அதே பிரிவுக்குப் புது அர்த்தம் சொன்னது. மறு வருஷம் அதற்குச் சட்டமும் வந்தது. 2022-இல், அடிக்கிறவன் இடத்தையே திருப்பி அடிக்கவும் ஏவுகணை வைத்துக்கொள்ளலாம் என்றார்கள். ஒரு கப்பலில் போர் விமானம் ஏறி இறங்கலாமாம், ஆனால் அதை விமானந்தாங்கிக் கப்பல் என்று கூப்பிடக்கூடாதாம். இத்தனைக்கும் அந்த ஒன்பதாவது பிரிவில் ஓர் எழுத்துகூட மாற்றவில்லை. நம் ஊர் வக்கீல்கள் போய் அவர்கள் காலைத் தொட்டுக் கும்பிட வேண்டும்.

ஞாயிற்றுக்கிழமை மாமாவையும் வேம்புவையும் வீட்டுக்கு வரவழைத்து, மதியச் சாப்பாட்டைக்கூடத் தள்ளிப்போட்டு இதையெல்லாம் எடுத்துச் சொன்னேன். அந்தப் பையன் வாட்ச்மேன் இல்லை, போர்க்கப்பலில் அதிகாரி, போர்க்கப்பல் என்று சொல்லக்கூடாது அவ்வளவுதான், என்று முடித்தேன். வேம்பு கை தட்டினான். மாமா தட்டவில்லை. பட்டாளத்தில் இருந்த மனுஷன் அல்லவா, "அப்ப சண்டைன்னு வந்தா இந்தப் புள்ள போவணுமா, வேணாமா?" என்று கேட்டார்.

சுடர், முன்பென்றால், அவர்கள் வீட்டுக்குள் யாராவது புகுந்தால்தான் சண்டை என்று தைரியமாகச் சொல்லியிருப்பேன். இப்போது சிநேகிதர்கள் சண்டையும் சேர்ந்துவிட்டது. சிநேகிதர்களும் கொஞ்சமா? அமெரிக்கா போதாதென்று ஆஸ்திரேலியா, பிரிட்டன், பிலிப்பைன்ஸ் என்று வரிசையாக ஒப்பந்தம், நம் நாட்டோடும் கடலில் கூட்டுப் பயிற்சி. குழாயடித் தகராறில் வேம்புவுக்கு ஆதரவாகப் போய் என் சட்டை கிழிந்தது உனக்கு ஞாபகம் இருக்கும். வேம்பு சட்டை கிழியவில்லை. கூட்டாளி இருப்பது பலம்தான், ஆனால் அவன் யாரிடம் வம்பு வளர்த்து வைத்திருக்கிறான் என்று நமக்கு எப்படித் தெரியும்? அன்றிலிருந்து நான் பேப்பரில் முதலில் ஜப்பான் கடலைத்தான் தேடுகிறேன். ஏதாவது கப்பல் நகர்ந்ததாகப் போட்டிருந்தால் இட்லி இறங்குவதில்லை. உன் அம்மா அதையும் கவனித்துவிட்டாள். "கல்யாணமே வேணாம்னு சொல்றவரு, அந்தப் புள்ள சண்டைக்குப் போனா இன்னா, போவாட்டி இன்னா?" என்று கேட்டுவிட்டுச் சட்னி வைத்தாள். தண்ணீர் குடித்துவிட்டு எழுந்து வந்துவிட்டேன்.

ஆகவே என் முடிவில் மாற்றம் இல்லை. மைக்கில் சொன்ன வாக்கியம் அப்படியே இருக்கிறது, ஓர் எழுத்தையும் தொட மாட்டேன். வெளி சம்பந்தம் என்றால் எது வெளி, எது உள்ளே என்று காலத்துக்குத் தகுந்தபடி அர்த்தம் பார்க்கலாமா என்று வேம்பு ஒரு கேள்வி கேட்டான். அது பரிசீலனையில் இருக்கிறது. நீ எதையும் எதிர்பார்த்துக்கொண்டிருக்காதே.

வேளைக்குச் சாப்பிடு. குளிருக்குக் காதை மூடிக்கொள். நூறு வயசு நன்றாக இருக்க வேண்டும் என்று உனக்கு என் ஆசீர்வாதம். அந்தப் பையனுக்கு ஆசீர்வாதம் எதுவும் இல்லை, விசாரித்ததாக மட்டும் சொல்லவும்.

இப்படிக்கு,
உன் அப்பா,
நெடுமாறன்

பின்குறிப்பு: கவரை ஒட்டப் போகும் நேரத்தில், உங்கள் பக்கத்துக் கடலில் ஏதோ கூட்டுப் பயிற்சிக்குக் கப்பல்கள் கிளம்பியதாக டிவியில் காட்டினார்கள். எந்தக் கப்பல் என்று சொல்வதற்குள் விளம்பரம் போட்டுவிட்டான். தை மாதம் மண்டபத்துக்கு நேற்றே சொல்லி வைத்துவிட்டேன், உன் அம்மாவுக்குத் தெரியாது. மற்றதெல்லாம் மெதுவாக எழுதலாம். மாப்பிள்ளை கரையில்தான் இருக்கிறாரா என்று உடனே போன் செய்து சொல்லு, பாப்பா.