யுத்தகாலக் கேக்

அரைகுறைச் சரித்திர அறிவோடு அடுப்படிக்குள் போகக்கூடாது. போனவன் நான்.

டென்மார்க்கின் சில்க்போர்க் நகரில் ஒரு முதியோர் இல்லத்தில் அப்போது எனக்குத் தற்காலிக வேலை. நிரந்தரமாக்குவதா, வீட்டுக்கு அனுப்புவதா என்று மேலதிகாரி யோசித்துக்கொண்டிருந்த மாதம். அங்கே இருந்த மார்கிரட், டெனிஷ்காரரைக் கட்டி வந்த லண்டன்காரி, தொண்ணூறு தாண்டியவர். இரண்டாம் உலக யுத்தத்தில், அவருடைய சிறுவயதில், இரவிரவாகக் குண்டு விழுமாம். நிலத்தடி ரயில் நிலையத்தில் படுப்பார்களாம். விடிந்ததும் தாயார் உடைந்த கண்ணாடியைக் கூட்டி அள்ளிவிட்டு, தேத்தண்ணீர் வைத்துக் கொடுத்து, வேலைக்கும் போய்விடுவாராம். குண்டுக்குப் பயந்து வெட்டிய பங்கர் குழிக்குள் வளர்ந்த யாழ்ப்பாணத்தான் எனக்கே உடம்பு சிலிர்த்தது. (நாங்கள் பங்கருக்குள்ளேயும் இடத்துக்குச் சண்டை பிடித்த ஆட்கள்.)

அந்தத் துணிவைக் கௌரவிக்க வேண்டாமா? அவருடைய பிறந்தநாளுக்குப் அந்த யுத்தத்தின் பங்கீட்டுக் காலத்துக் கேக்கை நானே செய்வதாக மேலதிகாரியிடம் வாக்குக் கொடுத்தேன். கரட், முட்டைத் தூள், மாஜரின், பெயருக்குக் கொஞ்சம் சீனி.

"இஞ்சருங்கோ, பிறந்தநாளுக்கு ஆரும் பஞ்சத்துச் சாப்பாடு குடுப்பினமோ?" என்றாள் மனைவி.

"உமக்குச் சரித்திரம் விளங்காது" என்றேன்.

கேக் பொங்கவில்லை. கத்தியும் இறங்க மறுத்தது. இங்கிலாந்திலிருந்து வந்த சொந்தக்காரரும் மேலதிகாரியும் பார்த்திருக்க, மார்கிரட் ஒரு துண்டை வாயில் வைத்தார். மென்றார். மென்றுகொண்டே இருந்தார். என் வேலை அந்தப் பொய்ப்பற்களுக்கு நடுவே கிடந்து அரைபட்டது.

கடைசியில் விழுங்கிவிட்டுக் கேட்டார்: "உம்முடைய பிறந்தநாளுக்கு, உங்கள் யுத்தத்தில் சாப்பிட்டதை வைத்தால் உமக்குச் சந்தோஷமாக இருக்குமா?"

யாழ்ப்பாணத்துப் பொருளாதாரத் தடைக் காலத்தில் சீனி இல்லாமல் பனங்கட்டியைக் கடித்துக்கொண்டு குடித்த வெறுந்தேத்தண்ணீர் நினைவுக்கு வந்தது.

"அந்தக் காலத்து அதே ருசி" என்று சொல்லிவிட்டு, அவர் அடுத்த வாயை எடுத்தார். வேண்டாம் என்று தட்டைப் பிடித்தேன். அவர் விடவில்லை. மிச்சம் விட்டால் அம்மாவிடம் ஏச்சு வாங்க வேண்டும் என்றார். தாயார் போய் எத்தனையோ காலம். அந்த அவமானத்திலும் எனக்கு அவர்மேல் மரியாதை கூடிவிட்டது. இந்தப் பிடிவாதத்தோடுதான் அந்தச் சனம் குண்டுகளையும் கடந்து வந்திருக்க வேண்டும். அவரைப் பார்த்து மேலதிகாரி உட்பட எல்லோரும் ஒரு துணுக்கையும் விடாமல் தின்று முடித்தார்கள்.

வேலை நிரந்தரமானது, சமையலறைப் பக்கம் தலைவைத்தும் படுக்கக் கூடாது என்ற நிபந்தனையோடு. ஆனால் வீட்டில் யார் தடுப்பது? நான் கறி வைக்கும் நாட்களில், எதைக் கேட்டாலும் டெனிஷில் பதில் சொல்லும் மகள், தட்டைப் பார்த்துவிட்டுத் தமிழில் சொல்லுவாள்:

"அப்பா, கவலைப்படாதேங்கோ. லண்டன் சனம் மாதிரி நாங்களும் தாங்குவம்."