நாற்பத்தேழாம் பொருள்

மழைக்குக்கூட அரசாணை போடும் வழக்கமுள்ள அரக்கு நாட்டில், செண்பகவடிவு என்றொரு பெண்மணி மாவு மில் நடத்திவந்தாள். ஊருக்கே அது ஒரே மில். ஒருநாள் மன்னர் வாகைவேந்தர் கோட்டை மாடத்தில் நின்று நான்கு மணி நேரம் உரையாற்றினார். கீழே தெருவில் வடிவு யார் வீட்டுக் கல்யாணத்துக்கோ முறுக்கு மாவு அரைத்துக்கொண்டிருந்தாள். அந்தச் சத்தத்தில் உரை ஒருவர் காதிலும் விழவில்லை. மக்கள் வழக்கத்தைவிடப் பலமாகக் கைதட்டினார்கள். அதுதான் வினையாகப் போயிற்று.

மறுநாளே பறிமுதல் துறை அமைச்சர் திண்ணப்பர் பரிவாரத்தோடு வந்து இறங்கினார்.

“ராஜ உரையை அரைத்த குற்றத்துக்காக இந்த மில் பறிமுதல் செய்யப்படும். விசாரணை முடியும்வரை சீல்!”

“விசாரணை எப்போ முடியுங்கய்யா?”

“ஆரம்பித்தால்தானே அம்மா முடியும்?”

அந்த நாட்டில் சீல் வைப்பது லேசுப்பட்ட காரியமல்ல. சிங்க முக ராஜ முத்திரையை வெள்ளித் தட்டில் ஏந்திவந்து, உயரமான இடத்தில் அமர்த்தி, மாலை போட்டு, காகிதங்களில் குத்தி, அவற்றைக் கதவில் ஒட்ட வேண்டும். மில்லில் உயரமான இடம் மாவு மெஷினின் தலைதான். முத்திரை அங்கே அமர்ந்தது. உள்ளிருந்த பொருள்களைப் பட்டியல் எழுதிய எழுத்தர் மகா கறார்ப் பேர்வழி. கண்ணில் பட்ட எதையும் விடவில்லை. கதவைப் பூட்டி, காகிதங்களை ஒட்டி, எல்லோரும் இளநீர் குடித்துவிட்டுப் போனார்கள்.

வடிவு தெருவிலேயே உட்கார்ந்துவிட்டாள். அந்த மில்லை விட்டால் அவளுக்குப் பிழைப்பு கிடையாது.

ஊர் உரலில் இடிக்கத் தொடங்கியது. உலக்கைச் சத்தமும் சத்தமே என்று உலக்கைகளைப் பிடுங்கினார்கள். ஜனங்கள் ஊறவைத்த அரிசியை மென்றார்கள். அதற்கு ‘அரைக்கா உணவுத் திட்டம்’ என்று பெயர் சூட்டி, தினமும் இருவேளை பாராட்ட வேண்டும் என்று ஆணை எழுதினார் அமைச்சர். குத்தலாம் என்று தேடினால், ஐயையோ, முத்திரையைக் காணோம்! அது மில்லுக்குள் இருந்தது.

சீலை உடைக்க நீதிமன்ற உத்தரவு வேண்டும். அரசு மனுப் போட முத்திரை வேண்டும். குடிமக்கள் மனுவுக்கோ கைநாட்டே போதும். வடிவு மனுப் போட்டாள். அரசு விட்டுக்கொடுத்தால் மானம் போய்விடும் என்று திண்ணப்பர் அதையும் எதிர்த்து வாதாடினார்.

“பறிமுதல் நடவடிக்கை எந்த அளவில் இருக்கிறது?” என்று கேட்டார் நடுவர் ஆவுடைநாயகி.

“நிலுவையில், நடுவர் அவர்களே! நிலுவையில் இருக்கும்போது மில்லைத் திறப்பது ராஜத்துரோகம்.”

“ஏன் நிலுவை?”

“ஆணையில் முத்திரை குத்தவில்லை.”

“முத்திரை எங்கே?”

“மில்லில்.”

நடுவர் சிரிப்பை அடக்கிக்கொண்டு தீர்ப்புச் சொன்னார். “ஓடாத மெஷின் துருப்பிடிக்கும். துருவைப் பறிமுதல் செய்து அரசுக்கு என்ன லாபம்? வழக்கு முடியும்வரை மில் ஓடட்டும். ஆனால் பட்டியலில் உள்ள எந்தப் பொருளையும் வடிவு விற்கவோ வெளியே விடவோ கூடாது.”

கதவு திறந்தது. ஊரே தூக்குவாளியோடு வந்து குலவை போட்டது. வடிவுக்குச் சந்தோஷத்தில் அழுகையே வந்துவிட்டது. முண்டியடித்து முதலில் நுழைந்த திண்ணப்பர் முத்திரையைத் தூக்கப் போனார். வடிவு பட்டியலை நீட்டினாள்.

“நாப்பத்தேழாம் பொருள், சிங்க முக முத்திரை, ஒண்ணு. நீங்க கையெழுத்துப் போட்டதுதானேய்யா? வெளிய விட்டா கோர்ட்டு என்னைய உள்ள வச்சிருமே!”

“அரசாங்கம் நடக்க வேண்டாமா?”

“நல்லா நடக்கட்டும்! இங்க வந்து குத்திக்கிட்டுப் போங்க. வரிசையில வாங்க. குத்துறதுக்கு முன்னாடி, என்ன எழுதியிருக்குன்னு ஊருக்குக் கேக்கிற மாதிரி வாசிச்சிருங்க. கேட்டாத்தான் குத்து.”

அன்றிலிருந்து அரக்கு நாட்டின் ஆணைகளெல்லாம் மிளகாய்த்தூளுக்கும் கம்பு மாவுக்கும் நடுவே நின்றுதான் சட்டமாகின்றன. பள்ளிக்கூடத்துக்குக் கூரை போடும் ஆணை வந்தபோது வடிவு மெஷினை நிறுத்தினாள். ஒரே நிமிடத்தில் குத்தியாயிற்று. உலக்கைகளைத் திருப்பித் தரும் ஆணைக்கும் அப்படியே.

மில்லைப் பறிமுதல் செய்யும் ஆணையோடு திண்ணப்பர் தினமும் வருகிறார். அவர் முறை வந்ததும் வடிவு மெஷினைப் போட்டுவிடுகிறாள். அவர் தொண்டை கிழிய வாசிக்கிறார்.

“ஒண்ணுமே கேக்கலைங்கய்யா!” என்கிறது ஊர், பலமாகக் கைதட்டியபடி.