மிக்ஸி பாய் நம்ப மறுத்தார்

அனகாபுத்தூரில் ஆரம்பித்துத் தாம்பரம் வரைக்கும் சல்லடை போட்டுத் தேடினாலும், பெற்ற பிள்ளைகளை ஏமாற்றுவதையே முழுநேர வேலையாக வைத்திருந்த தகப்பன் மிக்ஸி பாய் ஒருவர்தான். மிக்ஸி ரிப்பேர் அவருக்கு ஓய்வுநேரத் தொழில். இரண்டாயிரத்துச் சொச்சத்தில் அவர் வீட்டுக்கு அடுத்த போர்ஷனில் நான் குடியிருந்தேன்.

ஒருநாள் வெள்ளை ஸ்பாஞ்சை வட்டமாக வெட்டி, தட்டில் வைத்துச் சாம்பார் ஊற்றிவிட்டார். மகன் விரலால் அழுத்த அழுத்த, இட்லி எழும்பி எழும்பி வந்தது. இன்னொரு நாள், கை தட்டினால் சேனல் மாறும்படி டிவியை மாற்றிவிட்டதாக அறிவித்தார். லுங்கி மடிப்பில் ரிமோட்டை ஒளித்துக்கொண்டு அவர் அமுக்க, பிள்ளைகள் உள்ளங்கை சிவக்கத் தட்டிக்கொண்டிருந்தார்கள்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை பிள்ளைகள் இருவருக்கும் யூனிஃபார்ம் மாட்டி வெளியே கூட்டிவந்து, என்னைப் பார்த்துக் கண்ணடித்தார். "ஸ்கூல் பஸ் இப்பத்தான் போச்சு" என்று நானும் என் பங்குக்கு அடித்துவிட்டேன். பாவம், தெருமுனை வரை ஓடினார்கள். பின்னாலேயே பாய், "ஏமாந்தியா!" என்று கத்தினார். எதைச் செய்தாலும் கடைசியில் அப்படிக் கத்தியே தீருவார். கத்திவிட்டு டீக்கடையில் பன் வாங்கித் தருவார்.

மகள் ஷமீமா எட்டாவது படித்தாள். கேரம் போர்டில் புலி. அவளுடைய ரெட் காயினை எடுத்துவிட்டு பீட்ரூட் துண்டை வைத்த பெருமையும் பாயையே சேரும். ஸ்ட்ரைக்கர் பட்டதும் ரெட் நகராமல் நசுங்கியது. மாவட்ட டீமில் சேர வேண்டும் என்பது ஷமீமாவின் ஒரே வெறி.

செலக்‌ஷன் அடுத்த வாரம்தான் என்று ஒரு சனிக்கிழமை காலை அவள் போர்வைக்குள் சுருண்டிருந்தாள். பி.டி. மாஸ்டர் பாயின் கடைக்குப் போன் செய்தார். தேதியை மாற்றிவிட்டார்கள், இன்றைக்கே பத்து மணிக்குத் தாம்பரத்தில்! பாய் வீட்டுக்கு ஓடி வந்தார்.

"எந்திரிம்மா! இன்னிக்குத்தான் செலக்‌ஷன்!"

"போ அத்தா. ஸ்பாஞ்சு இட்லி முடிஞ்சி இப்ப இதுவா?"

"அல்லா மேல சத்தியம்மா!"

"டிவி மேட்டருக்கும் இதையேதான் சொன்னே."

பாய் என்னை இழுத்து வந்தார். "சார், நீங்களாவது சொல்லுங்க சார்."

"அங்கிளும் உன் செட்டுதான்" என்றது போர்வை.

கடிகாரம் ஓடிக்கொண்டிருந்தது. பாய் தலையைச் சொறிந்தார். பிறகு குரலை இறக்கி, "சரிம்மா. இன்னிக்கு ஒண்ணுமில்ல. அத்தா சும்மா சொன்னேன். தூங்கு" என்று அறைக்கு வெளியே வந்து நின்றுகொண்டார்.

உள்ளே அவள் புரண்டு படுக்கும் சத்தம் கேட்டது. திடீரென்று போர்வை பறந்தது.

"அத்தா, ஏமாந்தியான்னு நீ கத்தவேயில்ல! அப்போ நெஜம்தானா? வண்டிய எடு!"

மொபெட் பறந்தது. மனசு கேட்காமல் நானும் பஸ் பிடித்துப் போனேன்.

ஆட்டம் முடிந்து முதலில் வெளியே வந்தவர் பி.டி. மாஸ்டர். "கடைசி போர்டு பாய். ரெட் காயினைப் போட்டுட்டா, ஆனா அதுக்கு ஃபாலோவா இன்னொரு காயினப் போட முடியல. டீம்ல இல்ல" என்றார். பாயின் முகம் தொங்கிவிட்டது. லுங்கி நுனியால் அழுத்தித் துடைத்துக்கொண்டார். அதற்குள் ஷமீமா வந்துவிட்டாள்.

"தோத்துட்டேன் அத்தா."

"பொய்யி."

"நெஜமாத்தான்."

"யாருகிட்ட கதை வுடுறே? நான் இதுல எத்தினி வருச சர்வீசு தெரியுமா? நம்பவே மாட்டேன்!"

பழக்கடைக்காரரிடம், "அண்ணா, தோத்துட்டேன்னு பொய் சொல்றா, கேளுங்க" என்றார். பஸ் ஸ்டாப்பில் நின்றவர்களிடமும் புகார் சொன்னார். அந்தப் பக்கம் வந்த டிராபிக் கான்ஸ்டபிளிடம், "சார், இவள நல்லா விசாரிங்க!" என்றார். ஷமீமா அழுதபடியே, "அய்யோ, நெஜமாத்தான் தோத்தேன்" என்று தலையில் அடித்துக்கொண்டாள். பாய் விடுவதாக இல்லை. மொபெட்டை உருட்டிக்கொண்டு, எதிரே வருகிறவர்களையெல்லாம் நிறுத்தி நியாயம் கேட்டார். மார்க்கெட் தாண்டும்போது துப்பட்டா நுனியைக் கடித்துக்கொண்டு அவள் சிரித்தேவிட்டாள்.

அதற்கப்புறம்தான் பாய் மெதுவாக, "சரி, நம்புறேன்" என்றார். அந்த இடத்திலேயே அவரைக் கட்டிப்பிடித்துக்கொள்ள வேண்டும் போலிருந்தது எனக்கு.